ரெபேகா ஆன்ட்ராடேயின் வலது முட்டி

பாரிஸ் ஒலிம்பிக், 2024 ஆகஸ்ட் 5. பெண்கள் ஜிம்னாஸ்டிக்ஸில் ஃப்ளோர், அதாவது தரை ஆட்டத்தின் இறுதிப் போட்டி. பிரேசிலின் ரெபேகா ஆன்ட்ராடே 14.166, அமெரிக்காவின் சிமோன் பைல்ஸ் 14.133. வித்தியாசம் 0.033. பரிசு மேடையில் பைல்ஸும் சக அமெரிக்கர் ஜோர்டன் சைல்ஸும் இரு பக்கமும் மண்டியிட, நடுவில் ரெபேகா கையைத் தூக்கி நின்ற படம் உலகம் முழுக்கச் சுற்றியது. அந்தப் படத்தை விட அன்றைய மதிப்பெண் தாளைத்தான் நான் திரும்பத் திரும்பப் பார்த்திருக்கிறேன். ஆட்டம் எவ்வளவு கடினம் என்பதற்கான கடினப் புள்ளி பைல்ஸுக்கு 6.9, ரெபேகாவுக்கு 5.9. ஒரு முழுப் புள்ளி பின்தங்கித் தொடங்கியவர் தங்கம் வாங்கியிருக்கிறார். பைல்ஸ் இரண்டு முறை கோட்டைத் தாண்டியதில் 0.6 போனது, எவ்வளவு சுத்தமாக ஆடினார் என்பதற்கான செயலாக்கப் புள்ளியில் அவருக்குக் கிடைத்தது 7.833. ரெபேகாவுக்குச் செயலாக்கத்தில் 8.266, கோடு தாண்டிய கழிவு எதுவும் இல்லை.

அந்த 5.9 ஐ எளிய ஆட்டம் என்று நினைத்துவிடக் கூடாது. எதைச் செய்ய வேண்டும், எதை விட்டுவிட வேண்டும் என்று வருடக்கணக்காகக் கணக்குப் போட்டுச் சேர்ந்த எண் அது. கணக்குப் போட வைத்தது அவருடைய வலது முட்டி. 2015, 2017, 2019 என மூன்று தடவை அதே முட்டியில் ஏசிஎல் என்ற நார் அறுந்தது. 16 வயதில் ஒன்று, 18 இல் ஒன்று, 20 இல் ஒன்று.

அவரைப் பற்றி எழுதுகிறவர்கள் பெரும்பாலும் "மன உறுதி" என்று ஒரே சொல்லில் முடித்துவிடுகிறார்கள். மன உறுதி இல்லாமல் மூன்றாவது முறை யாரும் எழுந்து வரமாட்டார்கள், அது உண்மைதான். ஆனால் அறுந்த நார் மன உறுதியால் ஒட்டுவதில்லை. எத்தனை தடவை தரையில் இறங்குகிறோம், எந்தத் தரையில், எவ்வளவு களைப்பில், எந்தத் திருப்பத்தோடு என்பதை எண்ணிப் பார்த்துச் செய்தால்தான் அந்த முட்டி இன்னொரு ஒலிம்பிக் வரை வரும். ரெபேகாவும் அவருடைய பயிற்சியாளர் பிரான்சிஸ்கோ போராத்தும் செய்தது அதைத்தான் என்பது என் எண்ணம். ஷிக்கோ என்றுதான் பிரேசிலில் அவரைக் கூப்பிடுகிறார்கள்.

பின்னணியைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 1999 மே 8 இல் சாவோ பாவ்லோவை ஒட்டிய குவாருலோஸ் நகரில் பிறந்தவர். அம்மா ரோசா வீட்டு வேலை செய்து, தனியாளாக எட்டுப் பிள்ளைகளை வளர்த்தவர். நகராட்சியின் இலவச விளையாட்டுத் திட்டத்தில்தான் ரெபேகா ஜிம்னாஸ்டிக்ஸ் தொடங்கினார். பேருந்துக்குக் காசு இல்லாத நாட்களில் அண்ணன் நடத்தியே கூட்டிப்போவார். பிரேசிலுக்கு முதல் உலகப் பட்டம் வாங்கித் தந்த டயானி தோஸ் சான்டோஸின் நினைவாகக் குழந்தை ரெபேகாவை "குட்டி டயானி" என்று கூப்பிட்டார்கள். பிறகு குரிச்சிபா, அங்கிருந்து ரியோவின் ஃபிளமெங்கோ கிளப். 2012 இல் 13 வயதில் தன்னை விடப் பல வயது மூத்த ஒலிம்பியன்களைத் தாண்டி தேசியக் கோப்பையை வென்றார். 2014 இல் கால்விரல் எலும்பு முறிந்து நான்ஜிங் இளையோர் ஒலிம்பிக் கைநழுவியது, அவர் இடத்தில் சக வீராங்கனை ஃபிளாவியா சரைவா போனார். அதற்கு அடுத்த வருடம் முட்டி.

ஏசிஎல் என்பது தொடை எலும்புக்கும் கால் முன்னெலும்புக்கும் நடுவே, முட்டிக்குள் குறுக்காகப் போகும் ஒரு நார். சுமார் மூன்று சென்டிமீட்டர் நீளம், சுண்டுவிரல் தடிமன்கூட இருக்காது. அதற்கு இரண்டு வேலை. கீழெலும்பு முன்னால் நழுவாமல் பிடிப்பது ஒன்று, முட்டி முறுக்கிக்கொள்ளாமல் தடுப்பது இன்னொன்று. நேராக ஓடுகிறவருக்கு இந்த நார் இல்லாமலே கூட ஓரளவு சமாளித்துவிடலாம். ஜிம்னாஸ்டுக்கு அது முடியாது, ஏனென்றால் இந்த விளையாட்டில் முறுக்கும் இறக்கமும் ஒரே நொடியில் நடக்கின்றன.

லேண்டிங்கில், அதாவது தரையில் இறங்கும்போது, தரை திருப்பி அடிக்கும் விசை உடல் எடையைப் போல் பத்து மடங்கு வரை போகும், சிலசமயம் அதையும் தாண்டும். அந்த விசை உச்சத்துக்குப் போகக் கண் சிமிட்டும் நேரம்கூட ஆகாது. தசை சுதாரித்துக்கொள்ளும் முன்பே நார் இழுபட்டுவிடும். அதனால் தசை தரையைத் தொடும் முன்பே, காற்றிலேயே விறைத்துத் தயாராக இருக்க வேண்டும். தரை எங்கே இருக்கிறது என்று உடலுக்குத் தெரிந்தால்தான் அது நடக்கும். சுழற்சியில் அந்தக் கணக்கு ஒரு நொடியின் சின்னத் துண்டு அளவு தப்பினாலும் தசை தாமதமாக விறைக்கும்.

ஓடி வந்து ஒரு மேசையில் கை ஊன்றிப் பாயும் வால்ட்டை எடுத்துக்கொள்ளுங்கள். ரெபேகாவின் பேர் சொல்லும் இரண்டு வால்ட்கள் செங், அமனார். இரண்டுக்கும் 25 மீட்டர் ஓட்டம், ஸ்பிரிங்போர்டு மேல் ரவுண்ட்-ஆஃப் என்ற பக்கவாட்டுக் கரணம், பிறகு 125 சென்டிமீட்டர் உயர மேசை. அமனாரில் பின்புறமாக மேசையில் கை வைத்து எழும்பி, உடலை நீட்டியபடி பின்குட்டிக்கரணத்தோடு இரண்டரைத் திருப்பம். அந்தக் கடைசி அரைத் திருப்பத்தில்தான் ஆபத்து. திருப்பம் முழு எண்ணாக இருந்தால் இறங்கும்போது முகம் மேசையைப் பார்த்து இருக்கும், தரை முன்கூட்டியே கண்ணில் படும். அரை சேர்ந்துவிட்டால் மேசைக்கு முதுகு காட்டி, தரையைப் பார்க்காமலே இறங்க வேண்டும். செங்கில் மேசையில் கை வைக்கும் முன்பே ஒரு அரைத் திருப்பம், பிறகு முன்குட்டிக்கரணத்தோடு ஒன்றரை. முடிவில் முகம் மேசைப் பக்கம் வந்துவிடும். தொடக்கம் கடினம், ஆனால் இறக்கம் கண்ணுக்குத் தெரியும்.

திருப்பம் குறைந்தால் என்ன ஆகும்? பாதம் மெத்தையில் பதிந்துவிடும். உடலோ மிச்சமிருக்கும் கால்வாசித் திருப்பத்தை முடிக்கப் பார்க்கும். கீழே பூட்டிய பாதம், மேலே சுழலும் இடுப்பு, நடுவில் முட்டி. கூடவே முட்டி உள்பக்கம் சாய்ந்தால் ஏசிஎல் அறுவதற்கு வேறெதுவும் வேண்டாம். ஈரத்துணியை இரு கையாலும் பிழிகிற மாதிரி நினைத்துக்கொள்ளுங்கள்.

மெத்தை மென்மையாக இருந்தால் பாதுகாப்பு என்று பலர் நம்புகிறார்கள். நேராக இறங்கும்போது சரி. திருப்பத்தோடு இறங்கும்போது அதிக மென்மையான மெத்தை பாதத்தை உள்ளே இழுத்துப் பிடித்துக்கொள்ளும். பயிற்சிக்கூடங்களில் முட்டி போவது கடினத் தரையில் மட்டுமல்ல, புதைகிற மெத்தையில் அரைகுறைத் திருப்பத்தோடு இறங்கும்போதும்தான்.

இதற்கு மேல் விதிப்புத்தகம் வேறு. முட்டிக்கு நல்லது ஆழமாக மடங்கி, விசையை இடுப்பு வரை பரப்பி இறங்குவது. ஆனால் ஆழ்ந்து உட்கார்ந்த மாதிரி இறங்கினால் 0.5 கழியும். சின்ன அடி எடுத்து வைத்தால் 0.1, தோள் அகலத்தைத் தாண்டிய அடி 0.3, விழுந்தால் 1.0. அதாவது உடம்பைக் காப்பாற்றும் ஒவ்வொரு அசைவுக்கும் ஒரு விலை உண்டு. பாதங்களை இடுப்பு அகலத்துக்கு விலக்கி வைத்து இறங்கி, பிறகு குதிகால்களைச் சேர்த்துக்கொள்ளலாம் என்று விதி அனுமதிக்கிறது. இந்த ஒரு சலுகையைப் பயன்படுத்திக்கொள்ளாத பயிற்சியாளர்கள் இன்னும் இருக்கிறார்கள், அதை என்னால் புரிந்துகொள்ள முடியவில்லை. பாதம் ஒட்டி இறங்குவது பார்க்க அழகுதான். ஆனால் ஒட்டிய பாதங்களோடு வரும்போது முட்டிகள் ஒன்றையொன்று பார்த்துச் சாய்வது சுலபம்.

2015 ஜூன் மாதம் டொரோன்டோ பான் அமெரிக்கப் போட்டிக்கான பயிற்சியில் முதல் முறை அறுந்தது. அறுவை சிகிச்சை, மறுவாழ்வு, 14 மாதத்தில் ரியோ ஒலிம்பிக். சொந்த ஊர்க் கூட்டத்தின் முன் தகுதிச் சுற்றில் முன்னணி வரிசையில் வந்து, நாலு கருவியின் மதிப்பெண்ணையும் கூட்டும் ஆல்-அரவுண்ட் இறுதியில் 11 ஆவது இடம். 17 வயதுப் பெண்ணுக்கு அது நல்ல முடிவுதான். 2017 அக்டோபரில் மான்ட்ரியல் உலகப் போட்டிக்குப் போய், போட்டி தொடங்கும் முன் அங்கேயே பயிற்சியில் இரண்டாவது முறை. 2019 ஜூனில் பிரேசில் தேசியப் போட்டியில் ஃப்ளோர் ஆடும்போது மூன்றாவது முறை.

இரண்டாவது, மூன்றாவது அறுவை சிகிச்சை முதல் தடவையைப் போல இருக்காது. இதைப் பலர் யோசிப்பதில்லை. முதல் தடவை அறுந்த நாருக்குப் பதிலாக உடம்பின் இன்னொரு இடத்திலிருந்து நார் எடுத்து, எலும்பில் துளையிட்டு, அதன் வழியாக இழுத்துக் கட்டுகிறார்கள். அதற்குக் கிராஃப்ட் என்று பெயர். முட்டிச் சில்லுக்குக் கீழே இருக்கும் நாரிலிருந்து, இருபுறமும் எலும்புத் துண்டோடு எடுக்கலாம். எலும்போடு எலும்பு சீக்கிரம் ஒட்டும், ஆனால் முன்முட்டி வலியும் மண்டியிடும்போது வலியும் பல மாதம் தொந்தரவு தரும். தொடைக்குப் பின்னால் இருக்கும் ஹேம்ஸ்ட்ரிங் நாரை எடுக்கலாம். முன்முட்டி வலி குறைவு, ஆனால் ஹேம்ஸ்ட்ரிங்தான் கீழெலும்பைப் பின்னால் இழுத்து ஏசிஎல்லுக்குத் துணை நிற்கும் தசை. அதிலிருந்தே கடன் வாங்குகிறோம். சில்லுக்கு மேலே இருக்கும் தொடை முன்தசை நார் மூன்றாவது வழி.

இரண்டாவது முறை அறுந்தால் முன்பு எடுத்த இடத்தில் மறுபடி எடுக்க முடியாது. வேறு இடம் தேட வேண்டும், சிலசமயம் நல்லாயிருக்கும் காலில் கை வைக்க வேண்டும். பழைய துளைகள் அகன்றுபோயிருந்தால் முதலில் எலும்பு வைத்து நிரப்பி, சில மாதம் ஆறவிட்டு, பிறகுதான் புது நார் கட்ட முடியும். முறுக்கு அதிகமாக இருக்கும் முட்டிக்கு வெளிப்பக்கம் கூடுதலாக ஒரு பட்டை போட்டுக் கட்டுவதும் உண்டு. மெனிஸ்கஸ் என்ற குருத்தெலும்பு மெத்தை ஒவ்வொரு முறையும் கொஞ்சம் தேயும். கூடவே 20 வயதுக்குக் கீழே, உச்ச அளவு விளையாட்டுக்குத் திரும்புகிறவர்களிடம்தான் மறுபடி அறுவது அதிகம். முதல் இரண்டு தடவை ரெபேகா அந்த வயதில்தான் இருந்தார்.

அறுவைக்குப் பிறகு முதல் இரண்டு வாரத்தில் ஒரே ஒரு விஷயம் முக்கியம்: முட்டி முழுசாக நீள வேண்டும். மடங்குவது பிறகு தானாக வரும். நீளுவது ஐந்து டிகிரி பாக்கி இருந்துவிட்டால் நடையே கோணலாகும், முன்தசை எழும்பாது, உள்ளே தழும்புக்கட்டி சேர்ந்து நீட்சியை நிரந்தரமாக அடைத்துவிடக்கூடும். குதிகாலுக்குக் கீழே துண்டைச் சுருட்டி வைத்து, முட்டியைத் தரையை நோக்கி அழுத்தச் சொல்வார்கள். பார்க்க ஒன்றும் நடக்காத மாதிரி இருக்கும் பயிற்சி. தொடையின் உள்பக்கம், முட்டிக்கு மேலே இருக்கும் தசை சுருங்குகிறதா என்று பிசியோ விரல் வைத்துப் பார்ப்பார். முட்டிக்குள் நீர் கோர்த்திருக்கும் வரை மூளை அந்தத் தசைக்குப் போகும் கட்டளையையே குறைத்துவிடும். எவ்வளவு முயன்றாலும் தசை முழுசாக எழும்பாது. வீக்கத்தை முதலில் இறக்கச் சொல்வது அதனால்தான்.

ஆறாவது வாரத்திலிருந்து மூன்றாவது மாதம் வரை ஒரு பெரிய பொறி இருக்கிறது. வலி குறைந்திருக்கும், நடை நேராகியிருக்கும், சைக்கிள் ஓடும், ஸ்குவாட் வரும். "நான் தேறிவிட்டேன்" என்று தோன்றும். சரியாக அப்போதுதான் கிராஃப்ட் மிகவும் பலவீனமாக இருக்கும். கட்டிய நார் முதலில் கிட்டத்தட்ட செத்து, பிறகு உடம்பின் ரத்த ஓட்டம் அதற்குள் நுழைந்து, மெல்ல மெல்ல உயிருள்ள லிகமென்டாக மாறும். அந்த மாற்றம் முடிய ஒரு வருடத்துக்கு மேல் ஆகும். முட்டியின் உணர்வுக்கும் நாரின் பலத்துக்கும் இந்தக் கட்டத்தில் சம்பந்தமே இல்லை. ஜிம்னாஸ்ட் விஷயத்தில் இது இன்னும் மோசம், ஏனென்றால் வலியைப் பொறுத்துக்கொண்டு ஆடிப் பழகியவர்கள் இவர்கள்.

இந்த மாதங்களில் செய்ய நிறைய இருக்கிறது, அதுதான் ஜிம்னாஸ்டிக்ஸின் ஒரு கொடுப்பினை. கால்பந்து வீரருக்குக் கால் போனால் எல்லாம் போச்சு. ஜிம்னாஸ்டுக்குப் பார்ஸ், அதாவது இரண்டு கம்பிகளில் தொங்கி ஆடும் கருவி இருக்கிறது. மேல் கம்பி தரையிலிருந்து 250 சென்டிமீட்டர், கீழ்க் கம்பி 170. கயிறு ஏறுவது, தொங்கிக் காலைத் தூக்குவது, ஹேண்ட்ஸ்டாண்டு, கம்பியில் ஸ்விங், தொங்கிய நிலையிலிருந்து கம்பிக்கு மேலே ஏறும் கிப். இறங்கும்போது மட்டும் குதிக்கக் கூடாது: கம்பிக்கு அடியில் உயர்ந்த மெத்தைக் கட்டை வைத்து அதன் மேல் கால் வைக்க வேண்டும், அல்லது பயிற்சியாளர் இடுப்பைப் பிடித்து இறக்க வேண்டும். பிறகு ஸ்பாஞ்சு நிரப்பிய ஃபோம் பிட் என்ற குழிக்குள் விழும் டிஸ்மவுன்ட், அதாவது ஆட்டத்தை முடிக்கும் இறக்கம். முழு ரொட்டீனுக்கும் பார்ஸில் ஒரே ஒரு லேண்டிங். காயத்திலிருந்து திரும்புகிறவர் முதலில் போட்டி போடக்கூடிய கருவி அதுவாகவே இருக்கும். ரெபேகா பார்ஸில் உலக வெள்ளி வாங்கும் தரத்துக்கு வளர்ந்ததில், காலைத் தரையில் வைக்க முடியாமல் போன அந்த மாதங்களுக்கும் பங்கு உண்டு என்று நினைக்கிறேன்.

மூன்று நான்கு மாதத்தில் நேர் ஓட்டம். அதற்குப் பிறகு குதிக்கக் கற்றுக்கொள்வது. 20 சென்டிமீட்டர் பெட்டியிலிருந்து இரண்டு காலில் இறங்கி அப்படியே நிற்பது, பிறகு 40, பிறகு 60. முன்னாலிருந்து படம் பிடித்து முட்டி பாதத்தின் நேர்கோட்டில் இருக்கிறதா, உள்ளே சாய்கிறதா என்று பார்க்க வேண்டும். சாய்ந்தால் உயரத்தைக் கூட்டக் கூடாது, இடுப்பின் பக்கவாட்டுத் தசைக்குத் திரும்பிப் போக வேண்டும். கணுக்காலையும் மறந்துவிடக் கூடாது. கணுக்கால் முன்னால் மடங்கவில்லை என்றால் அங்கே விழுங்கப்பட வேண்டிய விசை அப்படியே மேலேறி முட்டிக்கு வரும். ஜிம்னாஸ்ட்களுக்குப் பழைய சுளுக்குகளால் கணுக்கால் இறுகிப்போயிருப்பது சாதாரணம். முட்டியைச் சரிசெய்து கணுக்காலை விட்டுவிடுவது அடிக்கடி நடக்கும் தவறு.

ஆறாவது மாதத்துக்கு மேல் டம்பிள் ட்ராக் என்ற துள்ளும் நீளப் பாதையில் ரவுண்ட்-ஆஃப், கையூன்றிப் பின்பக்கம் பாயும் ஹேண்ட்ஸ்பிரிங். அடுத்து பிட்டுக்குள் குட்டிக்கரணம், திருப்பம் இல்லாமல். அடுத்து கெட்டி மெத்தை மேல் அதே குட்டிக்கரணம். அது சுத்தமாக வந்த பிறகே அரைத் திருப்பம், முழுத் திருப்பம். ஒவ்வொரு படியும் பிட், மென்மெத்தை, போட்டி மெத்தை என்று மூன்று தளத்தில் நடக்கும். லேண்டிங்கை எண்ணி ஒரு நோட்டில் எழுதி வைக்க வேண்டும். இந்த வாரம் ஒரு நாளைக்குப் பத்து கெட்டித் தரை லேண்டிங் என்றால் அடுத்த வாரம் பன்னிரண்டு. இருபது கிடையாது. மறுநாள் காலை முட்டி வீங்கியிருந்தால் முந்தைய எண்ணுக்கே திரும்ப வேண்டும்.

களத்துக்குத் திரும்ப ஒன்பது மாதம் குறைந்தபட்சம் என்பது இப்போது பரவலாக ஏற்கப்பட்ட கணக்கு. அதற்கு முன் திரும்பியவர்களிடம் மறுபடி அறுவது தெளிவாகவே அதிகம். தேதி மட்டும் போதாது. ஒற்றைக்காலில் ஒரு தாவல், மூன்று தாவல், குறுக்குத் தாவல், ஆறு மீட்டரை ஒற்றைக்காலில் கடக்கும் நேரம், இவற்றிலும் முன்தசை பலத்திலும் அடிபட்ட கால் நல்ல காலின் 90 சதவீதத்தையாவது தொட வேண்டும். இதிலும் ஒரு ஓட்டை உண்டு. ஒன்பது மாதத்தில் நல்ல காலும் இளைத்திருக்கும். இளைத்த காலோடு ஒப்பிட்டு 90 சதவீதம் என்றால் அது பொய்க் கணக்கு. காயத்துக்கு முந்தைய அளவு கையில் இருந்தால்தான் நிஜம் தெரியும்.

அளக்க முடியாத ஒன்றும் இருக்கிறது. காற்றில் தான் எங்கே இருக்கிறோம் என்ற உணர்வு. பல மாதம் சுழலாமல் இருந்துவிட்டு முதல் இரட்டைக் குட்டிக்கரணத்துக்குப் போகும்போது உடல் பலம் இருக்கும், அந்த உணர்வு இருக்காது. பயம் வந்து நடுவில் உடலைத் திறந்துவிட்டால் திருப்பம் குறையும், குறைந்தால் மேலே சொன்ன கதைதான். பயமே காயத்தை வரவழைக்கும் என்பதால்தான் உளவியலாளர் இங்கே ஆடம்பரம் இல்லை. பிரேசில் ஒலிம்பிக் குழுவின் உளவியலாளர் அலினி வொல்ஃபோடு ரெபேகா சிறுவயதிலிருந்தே வேலை செய்கிறார், அதைப் பேட்டிகளில் மறைக்காமல் சொல்லியும் வருகிறார். அறுவை செய்த மருத்துவருக்குத் தரும் அதே மரியாதையை அவருக்கும் தருவதைப் பார்த்தால் சந்தோஷமாக இருக்கிறது.

இப்போது 2019 க்கு வருவோம். ஜூனில் மூன்றாவது முறை அறுந்தது. அந்த அக்டோபரில் ஸ்டுட்கார்ட் உலகப் போட்டியில் ரெபேகா இல்லாத பிரேசில் அணி டோக்கியோவுக்குத் தகுதி பெறவில்லை. அணியோடு போகும் வழி அடைபட்டது, தனியாளாகத்தான் இடம் பிடிக்க வேண்டும். டோக்கியோ முதலில் திட்டமிட்டபடி 2020 ஜூலையில் நடந்திருந்தால் அவருக்குக் கிடைத்திருப்பது 13 மாதம், அதற்குள் தகுதிப் போட்டி வேறு. மூன்றாவது கிராஃப்டுக்கு 13 மாதம் என்பது முழு ஃப்ளோருக்கும் அமனாருக்கும் போதாது. கோவிட் வந்து ஒலிம்பிக்கை ஒரு வருடம் தள்ளிப்போட்டது, 13 மாதம் 25 ஆனது. உலகமே பூட்டிக்கிடந்த நேரத்தில் ஒரு நார் உள்ளே உயிர் பெற்றுக்கொண்டிருந்தது. 2021 ஜூனில் ரியோவில் நடந்த பான் அமெரிக்கச் சாம்பியன்ஷிப்பில் ஆல்-அரவுண்ட் தங்கத்தோடு டோக்கியோ இடம் கிடைத்தது.

டோக்கியோ ஆல்-அரவுண்ட் இறுதியில் வால்ட் 15.300, பார்ஸ் 14.666, ஒடுங்கிய கட்டை மேல் ஆடும் பீமில் 13.666, ஃப்ளோர் 13.666, கூட்டினால் 57.298. அமெரிக்காவின் சுனிசா லீ 57.433 இல் தங்கம். வித்தியாசம் 0.135. ஃப்ளோரில் ரெபேகா இரண்டு முறை கோட்டைத் தாண்டினார். அந்த இரண்டு அடிகளும் இல்லாவிட்டால் தங்கம். ஆனால் அவை பலம் குறைந்து வந்த அடிகள் இல்லை, பலம் மிஞ்சி வந்தவை. மூன்று முறை அறுந்த காலில் தேவைக்கு மேல் சக்தி இருந்தது. அப்போது இதைக் கவனித்தவர்கள் மூன்று நாள் கழித்து நடந்ததற்கு ஆச்சரியப்பட்டிருக்கமாட்டார்கள். வால்ட் இறுதி: செங் 15.166, அமனார் 15.000, சராசரி 15.083, தங்கம். பிரேசில் பெண் ஜிம்னாஸ்ட் ஒருவர் ஒலிம்பிக் மேடை ஏறியதே அந்த வாரத்தில்தான் முதல் முறை.

இங்கே நம் தீபா கர்மாகரைச் சொல்லாமல் போக முடியாது. ரெபேகா ஆடிய அதே ரியோ ஒலிம்பிக்கில் வால்ட்டில் 15.066 எடுத்து நான்காவதாக வந்த அகர்தலாப் பெண். வெண்கலத்துக்கும் அவருக்கும் 0.150 தான் இடைவெளி. 2017 இல் அவருக்கும் ஏசிஎல் அறுவை சிகிச்சை, 2018 ஜூலையில் துருக்கியின் மெர்சினில் உலக சாலஞ்ச் கோப்பை வால்ட் தங்கத்தோடு திரும்பினார். பிறகு முட்டி மறுபடி தொந்தரவு தந்தது, இன்னொரு ஒலிம்பிக் அவருக்குக் கிடைக்கவில்லை, 2024 அக்டோபரில் ஓய்வு அறிவித்தார். தீபாவிடம் திறமையோ பிடிவாதமோ குறைவு என்று யாரும் சொல்ல முடியாது. ஆனால் அவருடைய பெரிய ஆயுதம் ப்ரொடுனோவா. முன்பக்கமாக இரண்டு குட்டிக்கரணம் போட்டு, தரையைப் பார்க்காமல், ஏறக்குறைய உட்கார்ந்த நிலையில் இறங்கும் வால்ட். அடிபட்ட முட்டிக்கு அதைவிடக் கொடிய இறக்கம் கிடையாது. ரெபேகாவுக்கோ விட்டுக்கொடுக்க இன்னும் மூன்று கருவிகள் இருந்தன. இரண்டு பேரின் பாதையும் பிரிந்தது அந்த இடத்தில் என்றுதான் நான் பார்க்கிறேன்.

டோக்கியோவுக்குப் பிறகு சில மாதங்களில் ஜப்பானின் கிடக்யூஷுவில் உலகப் போட்டி. ரெபேகா ஃப்ளோர் ஆடவில்லை. ஆல்-அரவுண்டில் உலகப் பட்டம் வாங்கும் வாய்ப்பு கையெட்டும் தூரத்தில் இருந்தும் விட்டார். வால்ட்டில் தங்கம், பார்ஸில் வெள்ளி. அடுத்த வருடம் லிவர்பூலில் நாலு கருவியும் ஆடினார்: 56.899, உலக ஆல்-அரவுண்ட் சாம்பியன், லத்தீன் அமெரிக்காவிலிருந்து முதல் ஆள். அன்று ஃப்ளோரில் எடுத்தது 14.400. 2023 இல் ஆன்ட்வெர்ப்பில் ஐந்து பதக்கம், அதில் வால்ட் தங்கம் பைல்ஸுக்கு மேலே. உடனே சில வாரத்தில் சான்டியாகோ பான் அமெரிக்கப் போட்டி. அங்கே மறுபடி ஃப்ளோர் இல்லை. பெரிய மேடையில் ஃப்ளோர், அடுத்த மேடையில் ஓய்வு. இந்த ஏற்ற இறக்கத்தைத் தற்செயல் என்று நினைக்க முடியவில்லை.

ஏன் ஃப்ளோர் மட்டும்? பார்ஸில் ஒரு லேண்டிங், பீமில் கடைசியில் ஒரு பெரிய லேண்டிங், வால்ட்டில் ஒன்று அல்லது இரண்டு. ஃப்ளோரில் ஓடிப்போய்த் தொடர்ந்து கரணம் போடும் டம்பிளிங் பாஸ் குறைந்தது மூன்று, அவற்றுக்கு நடுவே திருப்பத்தோடு தாவல்கள், எல்லாம் 90 நொடிக்குள். கடைசி பாஸுக்குப் போகும்போது மூச்சு முட்டும், தொடை எரியும். 12 மீட்டர் சதுரத்தின் மூலையில் நின்று, களைத்த காலோடு மறுபடி ஓட வேண்டும். சுழற்சி குறைவது அங்கேதான். அவருக்கு மூன்றாவது முறை அறுந்ததும் ஃப்ளோரில்தான்.

பாரிஸில் அந்த முட்டி என்னென்ன தாங்கியது என்று எண்ணிப் பாருங்கள். ஜூலை 28 தகுதிச் சுற்றில் நாலு கருவி, வால்ட் இரண்டு தடவை. 30 இல் அணி இறுதி, மறுபடி நாலு. கடைசிச் சுற்றில் வால்ட்டில் அவர் எடுத்த 15.100 தான் பிரேசிலை 164.497 க்குத் தூக்கி, பிரிட்டனை 0.234 இல் தாண்டி, வெண்கலம் வாங்கிக் கொடுத்தது. ஆகஸ்ட் 1 இல் ஆல்-அரவுண்ட், நாலு கருவி, 57.932, வெள்ளி. 3 இல் வால்ட் இறுதி, இரண்டு வால்ட், 14.966, வெள்ளி. 5 இல் பீம் இறுதியில் 13.933 எடுத்து நான்காவது. அதே நாளில் ஃப்ளோர். ஒன்பது நாளில் வால்ட் லேண்டிங் ஆறு, பார்ஸ் மூன்று, பீம் நாலு, நாலு முழு ஃப்ளோர் ரொட்டீன். பாஸ்களைச் சேர்த்தால் குறைந்தது 25 பெரிய லேண்டிங். வார்ம்-அப்பில் இறங்கியவை தனி.

அந்த 25 இல் கடைசிச் சில லேண்டிங்குகள் பைல்ஸுக்கு எதிரான தங்கத்துக்காக. 5.9 என்ற கடினப் புள்ளியோடு போனதால்தான் ஒன்பதாவது நாளிலும் கோட்டுக்குள்ளேயே நிற்க முடிந்தது. திருப்பங்கள் முடிந்த பிறகே பாதம் தரையைத் தொட்டது, முட்டி பாதத்துக்கு நேராகவே இருந்தது. காணொளி கிடைத்தால் வேகத்தைக் குறைத்து இடுப்புக்குக் கீழே மட்டும் பாருங்கள். டோக்கியோவில் இரண்டு, பாரிஸில் நாலு, ஆக ஆறு. ராபர்ட் ஷைட், டோர்பென் கிரேல் என்ற இரு பாய்மரப் படகு வீரர்களின் ஐந்து பதக்கக் கணக்கைத் தாண்டி, பிரேசிலின் ஒலிம்பிக் வரலாற்றில் அதிகப் பதக்கம் அவருடையது.

பாரிஸ் முடிந்த கையோடு, அதுவே தன் கடைசி ஆல்-அரவுண்டாக இருக்கலாம் என்றார். காலில் ஏறும் சுமையைக் காரணமாகச் சொல்லி, ஃப்ளோரை விடுவது பற்றி வெளிப்படையாகவே பேசினார். ஃப்ளோரில் ஒலிம்பிக் தங்கம் வாங்கியவர் ஃப்ளோரையே விடுவதா என்று பலர் வருத்தப்பட்டார்கள். எனக்கு அது 2021 கிடக்யூஷுவில் எடுத்த முடிவின் தொடர்ச்சியாகத்தான் தெரிந்தது. ஃப்ளோர் இல்லாவிட்டால் பார்ஸில் ஒன்று, பீமில் ஒன்று, வால்ட்டில் இரண்டு. மொத்தம் நாலு லேண்டிங்.